காலி மனையில் எரிந்த அடுப்பு

எங்கள் சமையலறைக்குள் ஒரு புறவழிச்சாலை வரப்போன கதை ஒரு செவ்வாய்க்கிழமை காலை, இட்லி வெந்துகொண்டிருந்த நேரத்தில் தொடங்கியது. அப்போது நான் ஐந்தாம் வகுப்பு. நீளமான அளவுச் சங்கிலியும் ஒரு டப்பா சிவப்புப் பெயின்ட்டுமாக இரண்டு பேர் வந்தார்கள். கொல்லைக்கு எப்படிப் போவது என்று ஒருவர் கேட்டார். அம்மா வழி காட்டினாள். சமையலறைச் சுவரின் வெளிப்பக்கத்தில் ஓர் அம்புக்குறியைப் போட்டு, அதன் கீழே ஓர் எண்ணை எழுதிவிட்டு அடுத்த வீட்டுக்குக் கிளம்பினார்கள். அவர்களை மின்சார வாரியத்து ஆட்கள் என்று நினைத்த அம்மா, ஆளுக்கொரு சொம்பு தண்ணீர் கொடுத்தாள். அவர்களும் குடித்துவிட்டு, "நல்ல தண்ணிம்மா" என்று மனதாரச் சொல்லிவிட்டே போனார்கள்.

திண்டுக்கல்லில் இருந்து மதுரை ரோட்டில் சின்னாளப்பட்டிக்குப் போகும் பக்கம், ஊர் முடிகிற இடத்தில் இருந்தது எங்கள் தெரு. மொத்தம் முப்பத்தொரு வீடுகள். ஒரு விவசாயி தன் தரிசு நிலத்தை மனை போட்டு விற்றபோது வாங்கியவர்கள் நாங்கள் எல்லோரும். கூட்டுறவுப் பண்டகசாலையில் எழுத்தராக இருந்த அப்பா, எட்டு வருடம் வாடகை வீட்டில் இருந்துவிட்டு இந்த வீட்டைக் கட்டினார். வாடகை வீட்டில் ஒரு காலண்டர் மாட்ட வேண்டுமென்றால்கூட, ஆணி அடிக்கலாமா என்று வீட்டுக்காரரிடம் போய்க் கேட்க வேண்டும். அந்தக் குறை தீர, சொந்த வீட்டில் அம்மா தேவையில்லாத இடத்திலெல்லாம் ஆணி அடித்துவைத்திருந்தாள். பாதி ஆணிகளில் எதுவும் தொங்கவில்லை.

அம்புக்குறி என்ன என்பதை விசாரித்து வந்த அன்று மாலை அப்பா டேப் வைத்து அளந்தார். சாலையின் விளிம்பில் அடுப்பு வந்தது. ஆட்டுக்கல் ஏறக்குறைய சாலையின் நடுவில் வந்தது.

"நடு ரோட்டுல உக்காந்து மாவாட்டச் சொல்றாங்க" என்றாள் அம்மா. நான் சிரித்தேன். வேறு யாரும் சிரிக்கவில்லை.

திங்கட்கிழமைதோறும் ஆட்சியர் அலுவலகத்தில் மனு வாங்குவார்கள். தெருவே சேர்ந்து மனு கொடுத்தது. மூன்று வாரம் கழித்து இன்னொன்று. அதற்குப் பிறகு பதிவுத் தபாலில் மூன்றாவது. முதல் இரண்டு மனுக்களின் நகலிலும் ஊதா நிற முத்திரை குத்திக் கொடுத்தார்கள். மூன்றாவதற்கு ஒப்புகைச் சீட்டு வந்தது. பதில் மட்டும் வரவில்லை. நேரில் போய்க் கேட்டபோது, "பைல்ல இருக்குங்க" என்றார்களாம். அப்பா அதை வீட்டுக்கு வந்து சொல்லும்போது, யாரோ உறவினர் ஆஸ்பத்திரியில் இருப்பதைச் சொல்வது போலச் சொன்னார்.

இந்த இடத்தில் மாமா உள்ளே வருகிறார். அம்மாவின் தம்பி. பந்தலும் மைக்செட்டும் வாடகைக்கு விடும் கடை வைத்திருந்தார். இருபது வருடம் அடுத்தவர் வீட்டு விசேஷங்களிலேயே வாழ்ந்ததால், உலகத்தில் நடக்கும் எதையும் அவரால் ஒரு விசேஷமாக மட்டுமே பார்க்க முடியும். அந்தத் தெருவில் அவருக்கு வீடு கிடையாது. ஆனாலும் எங்கள் எல்லோரையும்விட அதிகமாகக் கொதித்தார். அவர்தான் எங்களை வக்கீலிடம் அழைத்துப் போனார். அந்த வக்கீலின் மகள் கல்யாணத்துக்குப் பந்தல் போட்டவர் அவர்.

வக்கீல் மூன்று மனுக்களையும் படித்துப் பார்த்துவிட்டு, "இடிக்கக் கூடாதுன்னு நாம கேஸ் போட வேண்டாம்" என்றார்.

மாமாவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. "அப்புறம் வேற என்னன்னு போடப் போறீங்க?"

"இவங்க மூணு மனு குடுத்திருக்காங்க, ஒருத்தரும் விசாரிக்கல, விசாரிக்கச் சொல்லுங்கன்னு மட்டும் போடுவோம். இடிக்காதன்னு கேட்டா, ரோடு ஊருக்குப் பொதுன்னு பதில் சொல்லுவாங்க. இவங்க சொல்றத ஒருக்கா காதுல வாங்குங்கன்னு கேட்டா, வாங்க மாட்டோம்னு யாருப்பா சொல்லுவா?"

மதுரையில் உயர்நீதிமன்றக் கிளை வராத காலம் அது. எதற்கும் சென்னைக்குத்தான் போக வேண்டும். அப்பாவும் வக்கீலும் இரண்டு முறை ரயிலில் போய்வந்தார்கள். இரண்டாவது முறை போயிருந்தபோது தெருவே பாய் கடையில் காத்திருந்தது. பாய் எங்களுக்கு மூன்றாவது வீடு. வீட்டு முன்னறையில் டெலிபோன் பூத் வைத்திருந்தார். அப்பாவை அவர் மாப்பிள்ளை என்றும் அம்மாவைத் தங்கச்சி என்றும்தான் கூப்பிடுவார். அன்று வெளியாட்கள் யாரையும் போன் பேச விடவில்லை. "லைன் ரிப்பேரு" என்று சொல்லித் திருப்பி அனுப்பிக்கொண்டே இருந்தார். ரிப்பேரான அந்த லைன் பிற்பகல் மூன்றரை மணிக்கு மணி அடித்தது.

பாய் கேட்டார். தலையாட்டினார். மறுபடி கேட்டார். பிறகு போனை மார்போடு அணைத்துக்கொண்டு, "மாப்ள சொல்றாரு, கோர்ட்டு உத்தரவு போட்ருச்சாம்!" என்று கத்தினார்.

அதற்குப் பிறகு என்ன நடந்தது என்பதை ஒழுங்காக வரிசைப்படுத்த என்னால் இன்றும் முடியவில்லை. யாரோ போன தீபாவளியில் மிச்சமிருந்த சரவெடியைக் கொண்டுவந்து போட்டார்கள். அது பாதி நமுத்துப் போயிருந்ததால் விட்டு விட்டு வெடித்தது. பாய் டவுனுக்கு ஆளனுப்பி ஜிலேபி வரவழைத்தார். எண்ணெய் ஊறிய காகிதப் பொட்டலங்கள் வீடு வீடாகப் போயின. அம்மா, தெருவில் நின்று சாப்பிட்டு நான் பார்த்தேயிராத அம்மா, தெரு நடுவில் நின்று ஜிலேபி சாப்பிட்டாள்.

"அப்ப நம்ம வீட்ட இடிக்க மாட்டாங்களாம்மா?"

"அப்படிச் சொல்லல. நாம சொல்றத நாலு வாரத்துக்குள்ள கேக்கணுமாம். கேட்டுட்டுத்தான் எதையும் முடிவு பண்ணணுமாம்."

"அம்புட்டுத்தானா?"

"அம்புட்டுத்தான்" என்று சொல்லிவிட்டு அம்மா இரண்டாவது ஜிலேபியை எடுத்தாள். பெரியவர்கள் ஏமாந்துபோனதை நான் மட்டும் கண்டுபிடித்துவிட்டதாக எனக்குத் தோன்றியது.

பத்து நாளில் கடிதம் வந்தது. நிலம் எடுக்கும் பிரிவின் அதிகாரி, ஒரு புதன்கிழமை காலை பதினொரு மணிக்குத் தமது அலுவலகத்தில் விசாரிப்பார். தெருவின் சார்பில் ஒரே ஒருவர் வந்தால் போதும்.

"இது சரிப்படாது மச்சான்" என்று மாமா அப்பாவிடம் சொன்னார். "பொண்ணு குடுக்கிறவன்கூட வீட்ட வந்து பாத்துட்டுத்தான் குடுக்கிறான். வீட்டையே எடுக்கிறவங்க பாக்காமலா எடுப்பாங்க? நாம போயி முறையா அழைப்போம். அவங்க தெருவுக்கு வந்து கேக்கட்டும்."

"அதிகாரிய எப்படிய்யா அழைக்கிறது?"

"எப்படி அழைப்பாங்க? வெத்தல பாக்கு, தேங்கா பழம், தட்டு. வேற எப்படி?"

வக்கீலுக்கு விஷயம் போனபோது அவர் நாற்காலியை விட்டே எழுந்துவிட்டார். "தட்டத் தூக்கிட்டு கவர்மென்ட் ஆபீஸுக்குள்ள போவீகளா? லஞ்சம் குடுக்க வந்தான்னு உள்ள வச்சிருவாங்க. கெடச்ச உத்தரவும் போயிரும்!"

மாமா பழத்தை விட்டுக்கொடுத்தார். வக்கீல் அசையவில்லை. தேங்காயையும் விட்டார். கடைசியில் வெற்றிலையையும் விட்டுவிட்டு முகத்தைத் தொங்கப்போட்டு உட்கார்ந்திருந்தபோது அம்மா கேட்டாள்: "வக்கீல் சார், குங்குமம் லஞ்சத்துல வருமா?"

வக்கீல் வெகுநேரம் யோசித்தார். "எனக்குத் தெரிஞ்ச எந்தச் சட்டத்துலயும் அப்படி இல்லம்மா" என்றார்.

அரையாண்டு விடுமுறை என்பதால் நானும் போனேன். அம்மா, மாமா, வக்கீல், நான். அதிகாரி ஒரு பெண். பேச்சில் ஈரோட்டுப் பக்கத்து மரியாதை இருந்தது. மேசையில் கோப்புகள் அவர் கழுத்து உயரத்துக்கு அடுக்கியிருந்தன. ஒன்றைப் படித்துக்கொண்டே, தலை நிமிராமல், "சொல்லுங்க" என்றார். வக்கீல் தொண்டையைச் செருமுவதற்குள் அம்மா முன்னால் போய்க் குங்குமச் சிமிழைத் திறந்து நீட்டினாள்.

அதிகாரியின் வலது கை தானாக வந்தது. கண் கோப்பில் இருக்க, விரல் குங்குமத்தைத் தொட்டு, நெற்றியில் வைத்து, கழுத்துக்கும் போய்விட்டுத் திரும்பியது. அதன் பிறகுதான் அவர் நிமிர்ந்தார்.

"ஏனுங்கம்மா, இது எதுக்குங்க?"

"புதன்கிழம எங்க தெருவுல விசாரணைங்க மேடம். அழைக்க வந்தோம்."

"விசாரணை இங்கதானுங்களே. நான் அங்க வரோணும்னு உத்தரவுல இல்லீங்களே?"

"உத்தரவுல இல்லைங்க" என்று அம்மா ஒத்துக்கொண்டாள். "ஆனா குங்குமம் எடுத்துக்கிட்டீங்களே மேடம்."

வக்கீல் கண்ணை மூடிக்கொண்டார். எங்கள் பக்கத்தில் குங்குமம் எடுத்துக்கொண்ட பெண், வருகிறேன் என்று சொல்லிவிட்டதாகத்தான் பொருள். வராமல் இருந்தால் அழைத்தவளுக்கு அவமானம். ஈரோட்டிலும் அப்படித்தான் போலிருக்கிறது. அதிகாரி தன் விரல் நுனியைப் பார்த்தார். அம்மாவைப் பார்த்தார். காரணமில்லாமல் என்னையும் பார்த்தார்.

"ஒரு வகைல, தலத்தப் பாத்துட்டா நல்லதுதானுங்க" என்றார். "பத்து மணிக்கு வர்றனுங்க."

கண்ணைத் திறந்த வக்கீல், அந்த வாக்கியம் ஆறுவதற்குள் அதை ஒரு தாளில் எழுதி நீட்டிக் கையெழுத்து வாங்கினார். வெளியே வந்ததும் மாமா, "எக்கா, இருவது வருசமா பந்தல் போடுறேன். இப்படி ஒரு அழைப்ப நான் பாத்ததில்ல" என்றார்.

"பேசாம வாடா. அவங்க மனசு மாறுறதுக்குள்ள பஸ் ஏறுவோம்" என்றாள் அம்மா.

புதன்கிழமை காலை எங்கள் தெருவில் கல்யாணத்துக்குக் குறைவாக எதுவும் இல்லை. மாமா தெருவை அடைத்துச் சாமியானா போட்டார். இருநூறு நாற்காலிகள், இரண்டு ஒலிபெருக்கிக் குழாய்கள். பாய் வீட்டில் பன்னீர்ச் செம்பைத் துலக்கி வைத்திருந்தார்கள். வக்கீல் ஓடிவந்து, பன்னீரும் கூடாது, சந்தனமும் கூடாது, காபிகூடக் கூடாது, வேண்டுமானால் தண்ணீர் கொடுக்கலாம் என்றார். "வர்றவங்களுக்கு வெறும் தண்ணியா?" என்று பாய் அப்படியே இடிந்துபோனார். அப்பா முதல் நாள் முழுவதும் பேசிப் பழகிய பேச்சை நான்காக மடித்துச் சட்டைப்பையில் வைத்திருந்தார்.

ஜீப் வந்தது. அதிகாரி இறங்கினார். கூடவே ஒரு சர்வேயரும் எழுதுவதற்கு ஒரு கிளார்க்கும். கோடி வீட்டு ஓய்வுபெற்ற வாத்தியார் மைக்கைப் பிடித்து, பெருமதிப்புக்கும் மரியாதைக்கும் உரிய என்று தொடங்கினார். இரண்டு குழாய்களும் ஒன்றுக்கொன்று எதிரொலித்தன. காக்கைகள் பறந்தன. அதிகாரி இரண்டு காதையும் பொத்திக்கொண்டு, "ஐயா, மைக் வேண்டாமுங்க. எனக்குக் காது நல்லாவே கேக்குதுங்க!" என்றார்.

"அத அன்னைக்கே சொல்லியிருந்தா கோர்ட்டுக்கே போயிருக்க மாட்டோமே" என்று பின்வரிசையில் இருந்து ஒரு குரல் வந்தது. தெரு குலுங்கிச் சிரித்தது. அதிகாரியும் சிரித்துவிட்டார். சர்வேயர் மட்டும் வரைபடத்தை விரித்து, அதற்குள் முகத்தை வைத்துக்கொண்டார்.

அவர்கள் முதலில் நுழைந்தது எங்கள் வீட்டுக்குள். சங்கிலியைப் பிடித்துக்கொண்டே கோடு போகும் வழியில் நடந்தார்கள். கூடம், நடை, சமையலறை. நானும் அப்பாவின் முழங்கைக்குக் கீழே புகுந்து உள்ளே போனேன். அன்றைக்கென்று எதையும் ஒதுக்கிவைக்கக் கூடாது என்பது அம்மாவின் முடிவு. அடுப்பில் சோறு கொதித்துக்கொண்டிருந்தது. ஆட்டுக்கல்லில் பாதி அரைத்த மாவு. சுண்டுவதற்கு வைத்த வெஞ்சனக் காய் ஒரு பக்கம்.

அதிகாரி வரைபடத்தைக் கையில் வாங்கி ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தார். புருவம் சுருங்கியது. தலைகீழாகத் திருப்பினார். மறுபடி நேராக்கினார்.

"இந்த எடத்துல காலி மனைன்னு போட்டிருக்குதுங்களே?"

"அடுப்பு எரியுதுங்க மேடம்" என்றாள் அம்மா. "பாத்துக் கால் வைங்க."

அதிகாரி ஓரடி பின்வாங்கினார். சர்வேயரிடம் திரும்பி, "இது எந்த வருசத்துப் படமுங்க?" என்று கேட்டார். சர்வேயர் தாளின் மூலையைப் பார்த்தார். விவசாயி மனை போடுவதற்கு முந்தைய படம் அது. தெருவே அதில் இல்லை. சாலைக்கான கோட்டை அலுவலகத்தில் உட்கார்ந்து, அந்தப் பழைய தரிசின் குறுக்கே ஸ்கேல் வைத்து இழுத்திருக்கிறார்கள். அளந்து பெயின்ட் அடிக்க வந்த ஆட்களுக்கு அடிக்கச் சொன்ன இடத்தில் அடிப்பதுதான் வேலை. அங்கே சுவர் இருந்தது அவர்களுக்கு வசதியாகக்கூட இருந்திருக்கும். மூன்று மனுக்களிலும் அப்பா இங்கே முப்பத்தொரு வீடு இருப்பதைத்தான் எழுதியிருந்தார். அவை கோப்பில் இருந்தன.

அதிகாரி வெளியே வந்தார். சாமியானாவின் கீழே ஏறக்குறைய இருநூறு பேர் காலி மனையில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்கள். ஒரு கைக்குழந்தை காலி மனையில் அழுதுகொண்டிருந்தது. அவர் அத்தனை பேரையும் ஒரு சுற்றுப் பார்த்துவிட்டு, கிளார்க்கிடம் திரும்பி எல்லோருக்கும் கேட்கிற மாதிரி சொன்னார்: "எழுதிக்கோங்க. இங்க முப்பத்தொரு வீடு இருக்குதுங்க."

எனக்கு அதில் ஒரு விசேஷமும் தெரியவில்லை. முப்பத்தொரு வீடு இருப்பது எனக்கே தெரியும். ஆனால் தெருவில் எழுந்த சத்தத்தைக் கேட்டுச் சின்னாளப்பட்டிப் பஸ் ரோட்டில் நின்றுவிட்டது. பாய் அப்பாவைத் தூக்கியே விட்டார். வாத்தியார் அணைத்துவைத்த மைக்கில் என்னவோ பேசிக்கொண்டிருந்தார். மாமா சாமியானாக் கம்பத்தைக் கட்டிப்பிடித்துக்கொண்டு அழுதார். அவர் அழுது நான் பார்த்தது அதுதான் முதல் தடவை.

அதிகாரி அத்தோடு போகவில்லை. ஒவ்வொரு வீட்டுக்காரராகக் கூப்பிட்டு, பெயர் கேட்டு, சொல்வதைக் கேட்டு, எழுதியதைப் படித்துக் காட்டச் சொல்லிக் கையெழுத்து வாங்கினார். ஒரே பிரதிநிதி என்ற பேச்சே அதற்குப் பிறகு எழவில்லை. எங்கள் முறை வந்தபோது அப்பா மடித்த தாளை எடுத்தார். விரித்தார். முதல் வரியைப் பார்த்துவிட்டு அதை அம்மாவிடம் நீட்டினார். அம்மா முன்னால் வந்து தன் பெயரைச் சொன்னாள். அம்மாவின் முழுப் பெயரை ஓர் அந்நியர் முன்னால் அவளே சொல்லி அன்றுதான் கேட்டேன். "நாங்க ரோடு வேணாங்கலைங்க. எங்களக் கேக்காமப் போடாதீங்கன்னு சொல்றோம்" என்றாள். கிளார்க் அதை எழுதி முடிக்கும் வரை காத்திருந்து, திரும்பப் படிக்கச் சொல்லி, "கேக்காம" என்ற சொல் விட்டுப்போயிருந்ததைக் கண்டுபிடித்துச் சேர்க்கச் சொன்னாள். மணி மூன்று ஆனது. அதிகாரி மூன்று டம்ளர் தண்ணீர் குடித்தார். வேறு எதையும் தொடவில்லை. பாய்க்கு அது பல வருடம் மனக்குறையாக இருந்தது.

ஆறு வாரம் கழித்துப் பதிவுத் தபாலில் உத்தரவு வந்தது. அப்பா வேலையில் இருந்து வந்து, கை கால் கழுவி, விளக்கடியில் உட்கார்ந்து உரக்கப் படித்தார். முப்பத்தொரு வீடுகள் உள்ள பகுதி கைவிடப்படுகிறது. கிழக்கே ஆளில்லாத அரசுப் புறம்போக்கு வழியாகச் சாலை போகும். அம்மா இரண்டாவது தடவை படிக்கச் சொன்னாள். படித்தார். தெருவில் கதவுகள் திறந்தன, ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள், தலையசைத்தார்கள். பாய் வாசலில் நின்று, "மாப்ள, வந்துருச்சா?" என்றார். "வந்துருச்சு பாய்" என்றார் அப்பா. பிறகு எல்லோரும் அவரவர் வீட்டுக்குள் போய்விட்டார்கள்.

நான் வாசலிலேயே நின்றேன். வெடிச் சத்தம் எந்தப் பக்கத்தில் இருந்து தொடங்கும் என்று பார்த்துக்கொண்டிருந்தேன். ஒன்றும் இல்லை. உள்ளே அம்மா தட்டு வைக்கிற சத்தம் கேட்டது. ரசமும் அப்பளமும்.

"அப்பா, இன்னைக்கு ஜிலேபி இல்லையா?"

"எதுக்கு?"

"வீட்ட இடிக்க மாட்டாங்கன்னு வந்துருச்சுல்ல? சும்மா கேக்கச் சொன்னதுக்கே அன்னைக்கு வாங்கினோமே!"

அப்பா ஒரு கவளத்தைப் பிசைந்து முடித்துவிட்டு என்னைப் பார்த்தார். "நம்ம வீடு நம்மகிட்ட இருக்கு. அதுக்கு எதுக்கு ஆத்தா ஜிலேபி?"

அது எனக்கு ஒரு பதிலாகவே படவில்லை. கேட்கச் சொன்னதற்கு ஜிலேபி, வீடே நிலைத்ததற்கு ரசமா? வாங்கித் தர மனமில்லாமல் என்னவோ சொல்லிச் சமாளிக்கிறார் என்றே நினைத்தேன். சாப்பிடமாட்டேன் என்று சொல்லிவிட்டுப் போய்ப் படுத்தேன். அப்பாவும் அம்மாவும் சமையலறையில் வெகுநேரம் எதையோ பேசிச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். என்னைச் சமாதானப்படுத்தக்கூட ஒருவரும் வரவில்லை என்ற கோபம் வேறு சேர்ந்துகொண்டது.

அந்த வருடம் பள்ளிக்கூட நோட்டு ஒன்றில் தினமும் ஒரு வரி எழுதும் வழக்கத்தைத் தொடங்கியிருந்தேன். அந்த நோட்டு இன்னும் என்னிடம் இருக்கிறது. அன்றைய தேதிக்கு நேராக, பென்சில் முனை உடைகிற அளவுக்கு அழுத்தி எழுதியிருக்கிறேன்: இன்று ஒன்றும் விசேஷம் இல்லை.